காரில் ஃபியூஸ் போனால்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நடு மழையில் வைப்பர் நின்றுவிடும். ஹாரன் திடீரென்று ஊமையாகும். போனைச் செருகினால் சார்ஜ் ஏறாது. மெக்கானிக்கைக் கூப்பிடும் முன் பத்து நிமிடம் ஒதுக்கினால் இவற்றில் பலவற்றை நாமே பார்த்துவிடலாம். இங்கே சொல்வது நம் சாலைகளில் ஓடும் சாதாரண 12 வோல்ட் பெட்ரோல், டீசல் கார்களுக்கு. மின்சார கார் பற்றித் தனியாக ஒரு கேள்வி பின்னால் இருக்கிறது.

எதெல்லாம் நின்றால் ஃபியூஸைச் சந்தேகிக்க வேண்டும்?

சம்பந்தம் இல்லாத இரண்டு மூன்று பொருள்கள் ஒரே நேரத்தில் செத்தால் முதல் சந்தேகம் ஃபியூஸ் மேல்தான். ஒன்று மட்டும் நின்றால் முதலில் அந்தப் பொருளைப் பாருங்கள். இடது ஹெட்லைட் மட்டும் எரியவில்லையா, பல்பு போயிருக்கத்தான் வாய்ப்பு அதிகம். ஆனால் இடத்துக்கும் வலத்துக்கும் தனித்தனி ஃபியூஸ் வைத்த கார்கள் நிறைய உண்டு. பல்பு நன்றாக இருந்தால் அடுத்து அதைப் பார்க்க வேண்டும். நாலு கதவுக் கண்ணாடியும் அசையவில்லை என்றால் ஃபியூஸ். ஒரு கதவு மட்டும் என்றால் அந்தச் சுவிட்சோ மோட்டாரோ. பிரேக் விளக்கு எல்லாமே எரியவில்லை என்றால் ஃபியூஸாக இருக்கலாம், பெடலுக்கு மேலே இருக்கும் சுவிட்சாகவும் இருக்கலாம். ஆள் துணை இல்லாமல் பிரேக் விளக்கைப் பார்க்க, இருட்டியபின் வண்டியின் பின்பக்கம் சுவரை ஒட்டி இருக்கும்படி நிறுத்தி பெடலை மிதியுங்கள். கண்ணாடியில் சுவர் சிவப்பது தெரியும்.

யாரும் ஃபியூஸை நினைக்காத சில கோளாறுகளும் உண்டு. ஆட்டோமேட்டிக் காரில் லீவர் பார்க்கிங்கிலிருந்து நகரவே மாட்டேன் என்கிறதா? பிரேக் மிதித்த செய்தி கிடைத்தால்தான் பல கார்களில் அந்தப் பூட்டு திறக்கும். பிரேக் விளக்கு ஃபியூஸ் போனால் சில மாடல்களில் அந்தச் செய்தியே போகாது. பட்டன் ஸ்டார்ட் கார் கிளம்ப மறுப்பதற்கும் இதே ஃபியூஸ் காரணமாகலாம். ஹூண்டாய் கையேடுகளில் இதற்கு ஓர் அவசர வழி போட்டிருக்கிறார்கள்: பட்டனை ஏசிசி நிலையில், அதாவது எஞ்சின் ஓடாமல் ரேடியோ போன்றவை மட்டும் இயங்கும் நிலையில் வைத்து 10 விநாடி அழுத்திப் பிடித்தால் வண்டி கிளம்பும். இன்னொன்று ரேடியேட்டர் ஃபேன். சிக்னலில் நிற்கும்போது டெம்பரேச்சர் முள் ஏறுகிறது, ஓடும்போது இறங்குகிறது, ஏசியும் நிற்கும்போது காற்றைச் சூடாகத் தள்ளுகிறது என்றால் ஃபேன் ஃபியூஸையும் பார்க்க வேண்டும். அதைப் பார்க்காமல் வண்டியை ஓட்டிக்கொண்டே போகக் கூடாது. எஞ்சினைப் பிரித்து ஹெட் கேஸ்கட் மாற்றும் செலவில் கொண்டுபோய் விடும்.

ஃபியூஸ் பெட்டி எங்கே இருக்கிறது?

பெரும்பாலான கார்களில் குறைந்தது இரண்டு பெட்டி. ஒன்று பானெட்டுக்குள், பேட்டரிக்குப் பக்கத்தில், கறுப்பு மூடி போட்ட சதுரப் பெட்டி. ஹெட்லைட், ஹாரன், ஃபேன், ஏபிஎஸ் போன்ற அதிகக் கரண்ட் இழுக்கும் சமாச்சாரங்கள் அங்கே. இன்னொன்று வண்டிக்குள், ஸ்டியரிங்குக்குக் கீழே டிரைவரின் வலது முழங்கால் பக்கம். சிறு மூடியை விரலால் நெம்பினால் திறக்கும். ரேடியோ, ரூம் லைட், பவர் விண்டோ, சார்ஜ் சாக்கெட், மீட்டர் எல்லாம் பொதுவாக இதில்.

அங்கே இல்லையென்றால் கிளவ் பாக்ஸைக் கழற்றி அதன் பின்னால் பாருங்கள். இடது கை ஸ்டியரிங்குக்கு வடிவமைத்து நம்மூருக்கு வந்த சில கார்களில் பெட்டி இடது பக்கமே தங்கிவிட்டது. சில ஐரோப்பிய கார்களில் டேஷ்போர்டின் பக்கவாட்டில், கதவைத் திறந்தால் மட்டும் தெரியும் மூடிக்குப் பின்னால் இருக்கும். பேட்டரியையே டிக்கியில் வைத்த சொகுசு கார்களில் அங்கேயும் ஒரு தொகுதி உண்டு.

தேடித் தேடி அலுத்துப்போனால் கையேட்டைத் திறங்கள். காகித கையேடு தொலைந்திருந்தால் தயாரிப்பாளரின் தளத்தில் உங்கள் மாடல், ஆண்டு போட்டுத் தேடினால் பெரும்பாலும் கிடைக்கும். ஆண்டு முக்கியம். ஒரே பெயரில் விற்ற காருக்கு ஃபேஸ்லிஃப்ட் வந்தபோது ஃபியூஸ் வரிசையே மாறியிருக்கலாம்.

மூடிக்குள் ஒட்டிய படத்தைப் பார்த்தால் தலை சுற்றுகிறதே?

மூடியை எந்தத் திசையில் பிடித்துப் பார்ப்பது என்பதில்தான் எல்லோருக்கும் குழப்பம். படத்தில் உள்ள பெரிய கட்டங்களை, அதாவது ரிலேக்களை (சிறு கரண்ட்டால் பெரிய கரண்ட்டை ஆன், ஆஃப் செய்யும் சுவிட்சுகள்), பெட்டியில் உள்ள பெரிய கட்டிகளோடு பொருத்திப் பாருங்கள். திசை தெரிந்துவிடும். ஏசிசி, ஐஜி என்ற எழுத்துகள் சாவியின் எந்த நிலையில் அந்த ஃபியூஸுக்குக் கரண்ட் வரும் என்பதைச் சொல்கின்றன. பேக்கப் என்றோ மெமரி என்றோ போட்டிருந்தால் சாவியை எடுத்தபின்னும் கரண்ட் இருக்கும். சாக்கெட் ஃபியூஸ் பல படங்களில் இன்றும் சிகரெட் லைட்டர் பெயரில்தான் இருக்கிறது. சில மாடல்களில் மெக்கானிக் ஸ்கேனர் செருகும் போர்ட்டுக்கும் அதே ஃபியூஸ்தான். ஸ்கேனர் உயிர் பெறவில்லை என்றால் கம்ப்யூட்டரே போய்விட்டது என்று கலங்கும் முன் அதைப் பார்க்கலாம்.

ஹூண்டாய், கியா கார்களில் உள் பெட்டியில் ஃபியூஸ் சுவிட்ச் என்று ஒன்றும் இருக்கும். கப்பலிலும் லாரியிலும் வரும்போது பேட்டரி இறங்காமல் இருக்க அதை ஆஃப் செய்து அனுப்புவார்கள். ரூம் லைட் எரியவில்லை, கடிகாரம் ஒவ்வொரு முறையும் பூஜ்யத்துக்குப் போகிறது என்றால் அந்தச் சுவிட்ச் ஆஃபில் கிடக்கிறதா பாருங்கள்.

நிறம் நிறமாக இருக்கிறதே, அதற்கு அர்த்தம் என்ன?

நிறம் ஆம்பியரைச் சொல்கிறது. தட்டையான இரண்டு கால் வைத்த இந்த பிளேடு ஃபியூஸை லிட்டில்ஃபியூஸ் நிறுவனம் 1976-இல் கொண்டுவந்தது. இப்போது எல்லாத் தயாரிப்பாளர்களும் ஏறக்குறைய ஒரே நிற வரிசையைத்தான் பின்பற்றுகிறார்கள். 5 ஆம்பியர் வெளிர் மண்நிறம், 7.5 பழுப்பு, 10 சிவப்பு, 15 நீலம், 20 மஞ்சள், 25 நிறமற்றது, 30 பச்சை, 40 ஆரஞ்சு. தலையில் எண்ணும் அச்சிட்டிருக்கும். நிறத்தை நம்புங்கள், ஆனால் எண்ணைப் படித்து உறுதி செய்யுங்கள். மேக்ஸி என்ற பெரிய பிளேடு ஃபியூஸில் வரிசை வேறு: அங்கே சிவப்பு 50, நீலம் 60.

ஆம்பியர் சரியாக இருந்தால் மட்டும் போதாது, உருவமும் சரியாக இருக்க வேண்டும். ஸ்டாண்டர்டு, மினி, கால் வெளியே தெரியாத குட்டை மினி, மைக்ரோ என்று பல அளவுகள். குட்டை மினிக்குப் பதில் சாதாரண மினி பல இடங்களில் நுழைந்துவிடும், ஆனால் மூடி சரியாக உட்காராது, தண்ணீர் இறங்கும். மைக்ரோ வகையில் மூன்று கால் வைத்ததும் ஒன்று உண்டு. ஒரே உடம்பில் இரண்டு ஃபியூஸ். பழையதைக் கையோடு கடைக்கு எடுத்துப் போவதே நல்லது.

கழற்றி மாற்றும் முறை?

எஞ்சினை நிறுத்தி, சாவியை எடுத்து, விளக்கு, ஏசி, ரேடியோ எல்லாவற்றையும் அணைத்துவிடுங்கள். பட்டன் ஸ்டார்ட் காராக இருந்தால் சாவியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு பானெட்டுக்குள் குனியாமல் சற்றுத் தள்ளி வைத்துவிட்டு வாருங்கள். சின்ன ஃபியூஸ் மாற்ற பேட்டரியைக் கழற்ற வேண்டிய அவசியமில்லை. கழற்றினால் கடிகாரம் போகும், சில ஸ்டீரியோ கோடு கேட்கும், கண்ணாடி ஒரே அழுத்தில் ஏறும் வசதியை மறுபடி பழக்க வேண்டியிருக்கும்.

வேலையைத் தொடங்கும் முன் போனில் பெட்டியைப் படம் எடுங்கள். எது எந்த இடத்தில் இருந்தது என்று பிறகு சந்தேகம் வரும். பெட்டிக்குள்ளோ மூடியின் உள்பக்கமோ ஒரு சிறிய பிளாஸ்டிக் இடுக்கி செருகியிருக்கும். அதால் ஃபியூஸின் தலையைக் கவ்வி நேராக மேலே இழுங்கள். பக்கவாட்டில் ஆட்டினால் கீழே ஃபியூஸின் காலைக் கவ்வும் உலோக டெர்மினலின் பிடி தளரும். பிடி தளர்ந்த டெர்மினல்தான் பின்னால் வரும் பல தலைவலிகளுக்கு வேர். இடுக்கி இல்லையென்றால் மூக்கு நீண்ட பிளையரை மெதுவாகப் பயன்படுத்தலாம். ஸ்க்ரூடிரைவரால் நெம்ப வேண்டாம்.

புதியதைக் கட்டைவிரலால் கடைசிவரை அழுத்துங்கள். எந்தப் பக்கம் திருப்பிப் போட்டாலும் வேலை செய்யும். சாவி போட்டுச் சோதியுங்கள். வேலை செய்தால் மூடியை கிளிப் சத்தம் வரும்வரை அழுத்தி மூடுங்கள். பானெட்டுப் பெட்டியின் மூடி பாதி திறந்தபடி ஓடும் கார்கள் நம்மூரில் ஏராளம். வாட்டர் வாஷுக்குப் போய் வந்ததும் அவற்றுக்குத்தான் வினோதமான கோளாறுகள் வரும்.

கண்ணால் பார்த்தால் போதாதா? மீட்டர் வேண்டுமா?

நிறமற்ற, மஞ்சள் ஃபியூஸில் கம்பி அறுந்திருப்பது வெளிச்சத்தில் பளிச்சென்று தெரியும். பழுப்பு, நீலத்தில் ஏமாற்றும். மயிரிழை விரிசல் கண்ணுக்குப் படவே படாது. குட்டை வகையில் கம்பியே உள்ளே மறைந்திருக்கும்.

நான் முதலில் எடுப்பது டெஸ்ட் லாம்ப், அதாவது ஒரு முனையில் ஊசியும் மறுமுனையில் கிளிப்பும் வைத்த சிறு சோதனை விளக்கு. ஃபியூஸைக் கழற்றவே வேண்டாம். பிளேடு ஃபியூஸின் தலையில் இரண்டு ஓரத்திலும் ஊசிமுனை நுழையும் அளவு உலோகம் வெளியே தெரியும். லாம்ப்பின் கிளிப்பை எர்த்தில், அதாவது பெயின்ட் இல்லாத ஒரு போல்ட்டில் மாட்டுங்கள். முதலில் பேட்டரி பாசிட்டிவைத் தொட்டு லாம்ப் எரிகிறதா என்று பார்த்து எர்த் சரிதான் என்று உறுதி செய்துகொள்ளுங்கள். பிறகு சாவியை ஆன் நிலையில் வைத்து ஃபியூஸின் இரண்டு புள்ளியையும் தொடுங்கள். இரண்டிலும் எரிந்தால் ஃபியூஸ் நல்லது. ஒன்றில் மட்டும் எரிந்தால் ஃபியூஸ் போயிற்று. இரண்டிலும் எரியவில்லை என்றால் ஃபியூஸைக் குறை சொல்ல முடியாது, அதுவரை கரண்டே வரவில்லை. அந்தச் சுற்று ஆன் ஆகாமல் இருக்கலாம், அல்லது அதற்கு முன்னால் இருக்கும் ரிலேயோ பெரிய ஃபியூஸோ போயிருக்கலாம். இந்த மூன்றாவது பதில் கண்ணால் பார்ப்பவருக்குக் கிடைக்காது.

மல்டிமீட்டர் இருந்தால் டிசி 20 வோல்ட்டில் வைத்து இதையே செய்யலாம். பேட்டரி வோல்ட்டேஜுக்குச் சமமாக, எஞ்சின் ஓடாதபோது 12 வோல்ட் சொச்சம், இரண்டு பக்கமும் காட்ட வேண்டும். பீப் சத்தம் போடும் நிலையில் சோதிப்பதானால் ஃபியூஸைக் கழற்றி வெளியே வைத்துச் சோதியுங்கள். ஏர்பேக் என்று குறித்த ஃபியூஸிலும், மஞ்சள் நிற கனெக்டர்களிலும் எந்த லாம்ப்பையும் வைக்காதீர்கள். அது பயிற்சி பெற்றவர் வேலை.

15 ஆம்பியர் கடையில் இல்லை. 20 போட்டுக்கொள்ளலாமா?

கூடாது. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலை மட்டும் படிப்பதாக இருந்தால் இதைப் படியுங்கள்.

ஃபியூஸ் காப்பாற்றுவது ரேடியோவையோ வைப்பர் மோட்டாரையோ அல்ல, அவற்றுக்குப் போகும் வயரை. டேஷ்போர்டுக்குள், கார்ப்பெட்டுக்கு அடியில், கதவுக்குள் ஓடும் அந்த வயர் எவ்வளவு கரண்ட்டைச் சூடாகாமல் தாங்கும் என்று கணக்கிட்டுத்தான் 15 என்று போட்டிருக்கிறார்கள். 15 ஆம்பியர் ஃபியூஸும் 15-ஐத் தொட்டவுடன் அறுந்துவிடாது. பிளேடு ஃபியூஸ் குறித்த அளவில் 110 சதவீதத்தை 100 மணி நேரம் தாங்க வேண்டும் என்பது விதி. 135 சதவீதத்தில் முக்கால் விநாடிக்கும் 10 நிமிடத்துக்கும் இடையே எப்போது வேண்டுமானாலும் போகலாம். இரு மடங்கில் அதிகபட்சம் 5 விநாடி. ஆக 15 ஆம்பியர் ஃபியூஸே சில நிமிடம் 20 ஆம்பியரை ஓட விடக்கூடியது. அந்த இடத்தில் 30 போட்டால் வயரில் 30 ஆம்பியர் நாள் முழுக்க ஓடினாலும் ஃபியூஸ் அசையாது. கரண்ட் இரண்டு மடங்கானால் வயரில் பிறக்கும் சூடு நான்கு மடங்கு. முதலில் பிளாஸ்டிக் உறை இளகும், பக்கத்து வயர்களோடு ஒட்டும், அதன்பிறகு நடப்பது கார்ப்பெட்டும் சீட்டும் சம்பந்தப்பட்டது.

குறைந்த அளவு போடலாமா என்றால், அவசரத்துக்குப் போடலாம். 15-க்குப் பதில் 10 போட்டால் வயருக்கு ஆபத்தில்லை. அதிகம் போனால் சீக்கிரம் அறுந்துவிடும். வீடு போய்ச் சேர்ந்ததும் சரியானதை மாற்றிவிடுங்கள்.

நடு ரோட்டில் எதுவுமே இல்லையென்றால் உங்கள் காரிலேயே கடன் வாங்கலாம். ஹாரன், ஹெட்லைட், வைப்பர் அவசியம். ரேடியோவும் சாக்கெட்டும் அவசியமில்லை. அதே ஆம்பியர், அதே உருவமாக இருந்தால் அங்கிருந்து எடுத்து இங்கே போடுங்கள். பல பெட்டிகளில் ஸ்பேர் என்று எழுதி இரண்டு மூன்று ஃபியூஸ் கம்பெனியே வைத்திருக்கும். அதை யாரும் கவனிப்பதில்லை.

செம்புக் கம்பி சுற்றி ஓட்டலாமா? வீட்டில் அப்படித்தானே செய்கிறோம்?

பீஸ் கட்டையில் கம்பி சுற்றிய பழக்கம் காருக்கும் வந்துவிட்டது. கம்பி மட்டுமா, சிகரெட் பாக்கெட்டின் வெள்ளித் தாள், ஹேர்பின் எல்லாவற்றையும் எலக்ட்ரீஷியன்கள் ஃபியூஸ் இடத்திலிருந்து பிடுங்கிப் போட்டிருப்பார்கள். வீட்டுக் கட்டைக்கு என்று ஈயம் கலந்த தனிக் கம்பி உண்டு, அதற்கும் ஓர் அளவு உண்டு. கையில் கிடைத்த செம்பு இழைக்கு அப்படி ஒரு கணக்கும் இல்லை. செகண்ட் ஹேண்ட் கார் வாங்கப் போனால் ஃபியூஸ் பெட்டியைத் திறந்து பாருங்கள். உள்ளே கம்பி இருந்தால் அந்த வண்டியின் வயரிங்கை இதுவரை யார் தொட்டிருக்கிறார்கள் என்பது தெரிந்துவிடும். விலையைப் பேசுங்கள், இல்லை வேறு வண்டி பாருங்கள்.

போன ஃபியூஸைப் பார்த்தே காரணம் சொல்ல முடியுமா?

ஓரளவு முடியும், அதனால் உடனே தூக்கி எறியாதீர்கள்.

நடுவில் சுத்தமாக ஒரு சின்ன இடைவெளி, கறுப்பு எதுவும் இல்லை என்றால் அளவுக்குச் சற்று மேலே கரண்ட் ஓடி மெதுவாக உருகியிருக்கிறது. இறுகிப்போன வைப்பர் மோட்டார், கண்ணாடி ரப்பரில் சிக்கிய பவர் விண்டோ, டயருக்குக் காற்றடிக்கும் சிறு பம்ப் போன்றவை இதைச் செய்யும். வருடக்கணக்கில் மோட்டார் ஆன் ஆகும்போதெல்லாம் வரும் அதிர்ச்சியில் களைத்து அறுவதும் உண்டு. பழைய கார் என்றால் ஒரு முறை மாற்றிப் பார்த்துவிட்டு நிம்மதியாக இருக்கலாம்.

உள்ளே கறுத்து, உலோகம் தெறித்து ஒட்டியிருந்தால் ஷார்ட். பாசிட்டிவ் வயர் எங்கோ பாடியைத் தொட்டிருக்கிறது. மாற்றினாலும் போகும்.

மூன்றாவது வகைதான் பலரைக் குழப்பும்: கம்பி முழுசாக இருக்கிறது, ஆனால் பிளாஸ்டிக் உடம்பு ஒரு காலின் பக்கம் உருகியிருக்கிறது. அதிகக் கரண்ட் போனதால் வந்த உருக்கம் இல்லை இது. டெர்மினல் பிடி தளர்ந்து, அல்லது பச்சை பூத்து, அந்த இடத்திலேயே சூடு பிறந்திருக்கிறது. புது ஃபியூஸ் போட்டாலும் கொஞ்ச நாளில் அதுவும் உருகும். டெர்மினலை மாற்ற வேண்டும். ஏசி புளோயர் போல மணிக்கணக்கில் ஓடும் சுற்றுகளில் இதை அதிகம் பார்க்கலாம்.

புதுசு போட்டதும் மறுபடி போய்விட்டது. இப்போது?

நிறுத்துங்கள். மூன்றாவது ஃபியூஸைப் போடுவதில் பயனில்லை. எப்போது போகிறது என்று மட்டும் கவனியுங்கள். சாவி போட்டதுமே போகிறதா, ஒரு குறிப்பிட்ட சுவிட்சை அழுத்தும்போதா, ரிவர்ஸ் போடும்போதா, மேடு பள்ளத்தில் குலுங்கும்போதா? இந்தத் தகவல் எலக்ட்ரீஷியனுக்குப் பாதி வேலையை மிச்சம் பிடிக்கும். ரிவர்ஸ் போடும்போது போனால் ரிவர்ஸ் விளக்கு, கேமரா வயர். டிக்கியைத் திறந்து மூடும்போது போனால் கீல் பக்கம் மடிந்து மடிந்து அறுந்த வயர்.

கொஞ்சம் கை பழகியவர்களுக்கு ஒரு பழைய வித்தை. பிரேக் விளக்கின் 21 வாட் பல்பு, ஒரு ஹோல்டர், இரண்டு வயர், முனையில் தட்டைக் கால்கள். ஃபியூஸை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இதைச் செருகுங்கள். ஷார்ட் இருந்தால் பல்பு முழு வெளிச்சத்தில் எரியும். பல்பு இருப்பதால் இரண்டு ஆம்பியருக்கு மேல் போகாது, வயர் சூடாகாது, ஃபியூஸும் வீணாகாது. இப்போது அந்தச் சுற்றில் உள்ள கனெக்டர்களை ஒவ்வொன்றாகக் கழற்றுங்கள், வயர்க்கட்டை இங்கும் அங்கும் அசையுங்கள். எந்த இடத்தில் பல்பு அணைகிறதோ அந்தக் கிளையில்தான் கோளாறு. மங்கலாக எரிந்தால் அது அந்தச் சுற்றின் சாதாரண வேலையாகவும் இருக்கலாம், கலங்க வேண்டாம். ஏர்பேக், எஞ்சின் கம்ப்யூட்டர் சுற்றுகளில் இந்த வித்தை வேண்டாம்.

சார்ஜ் சாக்கெட் ஃபியூஸ் மட்டும் அடிக்கடி போகிறதே?

முதலில் டார்ச் அடித்து சாக்கெட்டுக்குள் பாருங்கள். ஒரு ரூபாய் நாணயமோ சார்ஜரின் உடைந்த முனையோ அடியில் கிடக்கும். நடுப்புள்ளி பாசிட்டிவ், சுற்றுச்சுவர் எர்த். நாணயம் இரண்டையும் சேர்த்தால் கதை முடிந்தது. ஃபியூஸைக் கழற்றி வைத்துவிட்டு எடுங்கள்.

அடுத்தது சுமை. பல கார்களில் சாக்கெட் மேலேயே 120 வாட் என்று போட்டிருக்கும். அதாவது 10 ஆம்பியர். காற்றடிக்கும் பம்ப் ஒன்றே அதை எட்டிவிடும். அதோடு பிரிப்பான் போட்டு போன், கூலர் எல்லாம் சேர்த்தால் தாங்காது. பம்ப் வாங்கும்போதே அது எத்தனை ஆம்பியர் என்று பாருங்கள். பெரிய பம்ப் என்றால் பேட்டரியில் நேராக மாட்டும் கிளிப் வைத்ததை வாங்குங்கள்.

எலி வயரைக் கடித்தால் ஃபியூஸ் போகுமா?

போனால் அதிர்ஷ்டம். எலி உறையை மட்டும் கொறித்துவிட்டுப் போயிருந்தால் செம்பு வெளியே தெரிந்துகொண்டிருக்கும். மழை நாளிலோ வாட்டர் வாஷிலோதான் ஷார்ட் ஆகும். முழுசாக அறுத்திருந்தால் ஃபியூஸ் நல்லபடி இருக்கும், பொருள் மட்டும் வேலை செய்யாது. பானெட்டுக்குள் புழுக்கை, வேர்க்கடலைத் தோல், கிழிந்த ஃபெல்ட் துண்டு கிடந்தால் ஃபியூஸ் மாற்றுவதோடு நிறுத்தாமல் வயர்க்கட்டு முழுவதையும் பார்க்கச் சொல்லுங்கள். புகையிலை, நாப்தலின் உருண்டை எல்லாம் கட்டிப் பார்ப்பவர்கள் உண்டு. எனக்கு அவற்றில் பெரிய நம்பிக்கை இல்லை. வண்டியை அடிக்கடி எடுப்பதும், குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில் நிறுத்தாமல் இருப்பதும் மேல்.

100 வாட் ஹெட்லைட் பல்பு போட்டேன், ஃபியூஸ் போகவில்லை. அப்படியென்றால் சரிதானே?

சரியில்லை. கம்பெனி பல்பு 60/55 வாட். 60-ஐ 12-ஆல் வகுத்தால் 5 ஆம்பியர். 100 வாட் என்றால் ஒரு பல்புக்கே 8.3. ஒவ்வொரு பக்கத்துக்கும் 10 ஆம்பியர் ஃபியூஸ் இருந்தால் அது போகாது. ஆனால் பிளேடு ஃபியூஸில் தொடர்ந்து ஓடும் சுமை முக்கால் பங்குக்குள் இருப்பது நல்லது என்பதே வழக்கம், அதைத் தாண்டியாயிற்று. பல்புக்குப் பின்னால் இருக்கும் பிளாஸ்டிக் கப்ளர் மஞ்சளாகி, கருகி, இளகும். அதிக வாட் வேண்டுமென்றால் பேட்டரியிலிருந்து தனி வயர், தனி ஃபியூஸ், ரிலே என்று முறையாகப் போட வேண்டும். இரட்டை ஹாரனுக்கும் இதே பதில். தனி ஃபியூஸ் பேட்டரிக்கு எவ்வளவு பக்கத்தில் இருக்கிறதோ அவ்வளவு நல்லது, ஏனென்றால் பேட்டரிக்கும் ஃபியூஸுக்கும் நடுவில் உள்ள வயருக்குக் காவல் கிடையாது.

டேஷ்கேம் மாட்ட ஃபியூஸ் பெட்டியிலிருந்து கரண்ட் எடுக்கலாமா?

எடுக்கலாம், வயரை வெட்டாமல். ஃபியூஸ் டேப் என்று கேளுங்கள். பழைய ஃபியூஸின் இடத்தில் இது உட்காரும், இதில் இரண்டு ஃபியூஸ்: ஒன்று பழைய சுற்றுக்கு, ஒன்று உங்கள் கேமராவுக்கு. கேமராவுக்கு 2 அல்லது 3 ஆம்பியர் போதும். சாவி அணைந்ததும் நிற்க வேண்டுமானால் ஏசிசியில் இயங்கும் இடத்தைத் தேர்ந்தெடுங்கள். ஏர்பேக், ஏபிஎஸ், எஞ்சின் கம்ப்யூட்டர், எரிபொருள் பம்ப் இடங்களைத் தொடாதீர்கள். கார் வாரண்டியில் இருந்தால் வயரிங்கில் கை வைக்கும் முன் சர்வீஸ் சென்டரில் கேட்டுவிடுங்கள்; வெட்டி ஒட்டிய வயரைக் காட்டி வாரண்டியை மறுப்பது சகஜம்.

வெள்ளத்தில் நின்ற காரில் ஃபியூஸ் பார்த்துக் கிளப்பலாமா?

வேண்டாம். சென்னையில் 2015 டிசம்பர் வெள்ளத்திலும் 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலிலும் முழங்கால் தண்ணீரில் நின்ற கார்கள் எத்தனை என்று யாருக்கும் நினைவூட்ட வேண்டியதில்லை. சாவியே போடக் கூடாது. எஞ்சினுக்குள் தண்ணீர் புகுந்திருந்தால் ஸ்டார்ட்டர் ஒரு சுற்றுச் சுற்றினாலே கனெக்டிங் ராடு வளையும். 10-ஆம் நம்பர் ஸ்பானரால் பேட்டரி நெகட்டிவைக் கழற்றிவிட்டு, படம் எடுத்து, இன்சூரன்ஸுக்குச் சொல்லி, கட்டி இழுத்துப் போங்கள். சீட் உயரம் வரை ஏறியிருந்தால் உள் ஃபியூஸ் பெட்டியும் பக்கத்தில் உள்ள கம்ப்யூட்டரும் நனைந்திருக்கும். காய்ந்தபின் ஓடினாலும் சில மாதத்தில் டெர்மினல்களில் பச்சை பூக்கும், அதன்பின் தினம் ஒரு கோளாறு. காண்டாக்ட் கிளீனர் ஸ்ப்ரே கொஞ்சம் தள்ளிப்போடும், தீர்க்காது.

ஃபியூஸ் நன்றாக இருக்கிறது, பொருள் வேலை செய்யவில்லை. ரிலேவா?

இருக்கலாம். சுவிட்சை அழுத்தும்போது ரிலேவில் டிக் என்று சத்தம் வருகிறதா என்று விரல் வைத்துப் பாருங்கள். பெட்டியில் அதே எண் போட்ட இன்னொரு ரிலே, உதாரணமாக ஹாரன் ரிலே, இருந்தால் மாற்றிப் போட்டுப் பார்க்கலாம். அசல் பொருள் வேலை செய்து ஹாரன் நின்றால் விடை கிடைத்தது.

பேட்டரி வயரைத் தலைகீழாக மாட்டிவிட்டார்கள், இப்போது எதுவுமே வேலை செய்யவில்லை?

இன்னொரு பேட்டரியிலிருந்து வயர் போட்டுக் கிளப்பும் ஜம்ப் ஸ்டார்ட்டில் சிவப்பும் கறுப்பும் இடம் மாறினால் பெரும்பாலும் மெயின் ஃபியூஸ் போகும். பேட்டரி பாசிட்டிவ் மேலேயோ பானெட்டுப் பெட்டியிலோ போல்ட் போட்டு இறுக்கிய 80, 100 ஆம்பியர் தகடு அது. இடுக்கியால் பிடுங்கும் வகையல்ல. பேட்டரியைக் கழற்றித்தான் மாற்ற வேண்டும். ஆல்டர்னேட்டரின் டயோடும் போயிருக்கலாம், எனவே இதை எலக்ட்ரீஷியனிடமே விடுங்கள்.

மின்சார காரிலும் ஃபியூஸ் பெட்டி உண்டா?

உண்டு. விளக்கு, வைப்பர், ரேடியோ எல்லாம் அங்கேயும் 12 வோல்ட்தான், அந்தப் பெட்டிக்கு மேலே சொன்னது பொருந்தும். ஆரஞ்சு நிற உறை போட்ட தடித்த கேபிள் எங்கே தெரிந்தாலும் அந்தப் பக்கம் கை போகக் கூடாது. அது சில நூறு வோல்ட். அதன் ஃபியூஸ் வேறு, அதைத் திறக்கும் முறை வேறு, தொடுவதற்குத் தனிப் பயிற்சியும் கையுறையும் வேண்டும். ஹைபிரிட் காருக்கும் இதுவே.

எங்கே வாங்குவது, வண்டியில் எதை வைத்திருப்பது?

எந்த ஊரிலும் ஸ்பேர் பார்ட்ஸ் கடையில், பேட்டரி கடையில் கிடைக்கும். சென்னையில் ஜி.பி. ரோடு பக்கம் போனால் எல்லா உருவமும் கிடைக்கும். ஆன்லைனில் நூறு ஃபியூஸ் ஒரு டப்பா என்று கொள்ளை மலிவாக வருவதில் எனக்குத் தயக்கம் உண்டு. எழுதிய அளவைத் தாண்டி வெகுநேரம் உருகாமல் நிற்கும் போலிகள் அப்படித்தான் வருகின்றன. உருகாத ஃபியூஸும் செம்புக் கம்பியும் ஒன்றே. பெயர் தெரிந்த தயாரிப்பில் உங்கள் பெட்டியில் உள்ள ஒவ்வொரு அளவிலும் இரண்டு வாங்குங்கள். 10, 15, 20-இல் மட்டும் கூடுதலாக ஒன்று. ஒரு டெஸ்ட் லாம்ப், ஒரு சிறு டார்ச், மூடியின் படத்தை எடுத்த போட்டோ. எல்லாம் கிளவ் பாக்ஸில் ஒரு ஜிப் கவரில் அடங்கும்.